மூன்றாவது முறையும் அதே பாதைக்கு வழக்கு: வம்பு வழக்கைத் தொடக்கத்திலேயே நிறுத்த வழி உண்டா?

கேட்டவர்: தேயிலை விவசாயியின் மகன், கோத்தகிரி

அனைவருக்கும் வணக்கம்.

கோத்தகிரிக்கு அருகே என் தந்தையாருக்கு 1 ஏக்கர் 20 சென்ட் தேயிலைத் தோட்டம் இருக்கிறது. அதன் மேல் விளிம்பை ஒட்டி, சாலைக்கு ஏறும் ஒற்றையடிப் பாதை ஒன்று உள்ளது. அது தங்களுக்கு மாமூல் வழி என்று கூறி, பக்கத்துத் தோட்டக்காரர் 2009 இல் முன்சீப் நீதிமன்றத்தில் வழக்குத் தொடுத்தார். ஐந்து ஆண்டுகள் நடந்த அந்த வழக்கு 2014 இல் செலவுத் தொகையுடன் தள்ளுபடியானது; அவர் மேல்முறையீடு செய்யவில்லை. நாங்களும் அந்தச் செலவுத் தொகையை இதுவரை வசூலிக்கவில்லை. 2017 இல் அதே இடத்தில் நாங்கள் போட்ட வேலியை எதிர்த்து மீண்டும் வழக்குப் போட்டார். வாதி தரப்பில் யாரும் முன்னிலையாகாததால் அது 2019 இல் தள்ளுபடியானது. இப்போது அவருடைய மகன், தந்தை தனக்குத் தானசெட்டில்மெண்ட் எழுதிக் கொடுத்திருப்பதாகச் சொல்லி, தன் பெயரில் மூன்றாவது வழக்கைத் தொடுத்திருக்கிறார். இடைக்காலத் தடை கேட்கும் மனுவும் பிராதுடன், அதாவது வழக்குரையுடன், இணைந்து வந்திருக்கிறது.

தந்தையாருக்கு வயது 74. கொழுந்து பத்துப் பதினான்கு நாட்களுக்கு ஒருமுறை பறிக்கப்பட வேண்டும். பறித்த இலை அன்றைக்கே தொழிற்சாலைக்குப் போய்ச் சேர வேண்டும். வாய்தா நாளும் பறிக்கும் நாளும் ஒன்றாக வந்துவிட்டால் ஆள் பிடித்து வைத்த கூலியும் போகிறது, இலையும் முற்றிப் போகிறது. எங்களுக்காவது ஒரு நாள் நட்டம். அந்த நீதிமன்றத்துக்கு இப்படிப்பட்ட வழக்குகளால் எத்தனை நாட்கள் நட்டம் என்பதையும் காத்திருக்கும்போது எண்ணிப் பார்ப்பதுண்டு.

ஒருமுறை தீர்ந்த விஷயத்தை ஆளை மாற்றி மறுபடியும் கொண்டுவருவதற்குச் சட்டத்தில் தடை இல்லையா? உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 7 விதி 11 இன் கீழ் மனுப் போட்டால் பிராதை உடனே நிராகரித்துவிடுவார்கள் என்று இணையத்தில் பலர் எழுதுகிறார்கள். அது சரிதானா? இப்படிச் செய்பவர்களுக்குத் தண்டனை ஏதும் கிடையாதா?

பதில்: ஓய்வுபெற்ற நீதிமன்ற ஊழியர், குன்னூர்

ஐயா, வணக்கம். சட்டத்தை வழக்கறிஞர்கள் சொல்லட்டும். நீதிமன்றத்தின் எந்த நேரத்தை இத்தகைய வழக்கு தின்கிறது என்பதை மேசைக்கு அந்தப் பக்கம் உட்கார்ந்திருந்தவன் என்ற முறையில் நான் சொல்கிறேன்.

மக்கள் நினைப்பதுபோல இறுதி விசாரணை அதிக நேரம் எடுப்பதில்லை. வழக்குக்கு எண் இடுவதற்கு முன்பே சரிபார்ப்பு, குறைகளுக்காகத் திருப்பி அனுப்புதல், மறுபடி தாக்கல் என்று நாட்கள் ஓடும். பிறகு சமன்; அதைக் கொடுக்க அமீனா மலைச் சரிவில் இறங்கிப் போய் வீட்டைக் கண்டுபிடித்தால், வீடு பூட்டியிருக்கும். பிறகு இடைமனுவுக்கு எதிருரை, அதன் மேல் வாதம். பாதை வழக்கு என்றால் அட்வகேட் கமிஷனர் நியமனம் நிச்சயம் உண்டு; அவர் சர்வேயருடன் இடத்துக்குப் போக வேண்டும். நம் பகுதியில் வடகிழக்குப் பருவமழை பிடித்துக்கொண்டால் அளவை தள்ளிப்போகும். மூடுபனியில் சங்கிலியின் மறுமுனை தெரியாது. பழைய அளவுக் கற்களோ மண்ணோடு நகர்ந்திருக்கும். கமிஷனர் அறிக்கைக்கு ஆட்சேபணை, மறு அளவை கேட்டு இன்னொரு இடைமனு. ஒரே ஒரு ஒற்றையடிப் பாதைக்கு நான்கு இடைமனுக் கட்டுகள் சேர்ந்ததை நானே நூலால் கட்டி வைத்திருக்கிறேன்.

இன்னொன்றையும் கவனியுங்கள். சிறிய மலையூர்களில் உரிமையியல் நீதிபதியே குற்றவியல் நடுவராகவும் இருப்பார். காலையில் ரிமாண்ட், ஜாமீன், சாட்சி விசாரணை ஆகியவற்றை முடித்துவிட்டு அவர் உரிமையியல் பட்டியலுக்கு வரும்போது மதியம் ஆகியிருக்கும். அந்த மிச்ச நேரத்தில்தான் ஒரு விதவையின் பாகப்பிரிவினை வழக்கும் உங்கள் பாதை வழக்கும் போட்டி போடுகின்றன.

ஆனாலும் தேக்கத்துக்கு எல்லாம் வம்பு வழக்குகளே காரணம் என்று சொன்னால் நான் ஒப்புக்கொள்ள மாட்டேன். நாட்டின் மாவட்ட, வட்ட நீதிமன்றங்களில் 4 கோடிக்கும் மேற்பட்ட வழக்குகள் நிலுவையில் உள்ளன. அவற்றில் உரிமையியல் வழக்குகள் ஏறக்குறைய கால் பங்குதான். மிகப்பெரிய வழக்காளி அரசாங்கமே. 10 லட்சம் மக்களுக்கு 50 நீதிபதிகள் வேண்டும் என்று சட்ட ஆணையம் 1987 இல் பரிந்துரைத்தது. இன்று இருப்பது 21 அளவில். தண்ணீர் வருகிற குழாயே மெலிந்திருக்கும்போது, கசிவை மட்டும் குறை சொல்லிப் பயனில்லை.

பதில்: கொடைக்கானல்வாசி

வம்பு வழக்குப் போடுகிறவர்களுக்கு ஐந்து லட்சம், பத்து லட்சம் என்று அபராதம் விதித்தாலோ, நீதிமன்றக் கட்டணத்தைப் பத்து மடங்கு உயர்த்தினாலோ மறுநாளே இது நின்றுவிடும். கட்டணத்தைக் கூட்டுவதற்குப் பதிலாகத் தமிழ்நாட்டில் 2017 இல் அதை ஏழரை சதவீதத்திலிருந்து மூன்று சதவீதமாகக் குறைத்தார்கள். பிறகு வழக்குகள் பெருகாமல் என்ன செய்யும்?

பதில்: வழக்கறிஞர், உதகை

கொடைக்கானல் நண்பர் சொன்ன கட்டணக் குறைப்புக்கும் இந்த வழக்குக்கும் பெரிய தொடர்பு இல்லை. அந்தச் சதவீதம் பணக்கோரிக்கை, சொத்துரிமை போன்ற வழக்குகளில் கோரிக்கை மதிப்பின் மீது கணக்கிடப்படுவது. வெறும் தடையாணை கேட்கும் வழக்கில் அந்தக் கோரிக்கைக்கு வாதியே ஒரு மதிப்பைப் போட்டுக்கொள்கிறார். கட்டணம் அப்போதும் அற்பம்தான், இப்போதும் அற்பம்தான். வம்புக்காரர்கள் வெறும் தடையாணை வழக்கை விரும்புவதற்கு அதுவும் ஒரு காரணம். இன்னொரு காரணம், அவர்களுக்குத் தேவையானது தீர்ப்பு அல்ல, இடைக்காலத் தடை. அது கிடைத்துவிட்டால் வழக்கு எத்தனை ஆண்டு இழுத்தாலும் அவர்களுக்கு லாபமே.

இனி கேட்டவரின் கேள்விக்கு வருகிறேன். கட்டளை 7 விதி 11 பற்றி இணையத்தில் எழுதப்படுவது பாதி உண்மை. வழக்கு மூலமே (வழக்குத் தொடுக்கக் காரணமான உண்மைகளே) இல்லாத பிராதையும், சட்டத்தால் தடுக்கப்பட்டது என்று பிராதின் வாசகத்திலிருந்தே தெரியும் பிராதையும் அதன் கீழ் நிராகரிக்கலாம். திறமையாக எழுதப்பட்ட பிராது, இல்லாத வழக்கு மூலத்தை இருப்பதுபோல் காட்டினால் அதை முளையிலேயே கிள்ள வேண்டும் என்றும், முதல் நாளிலேயே கட்டளை 10 இன் கீழ் வாதியை நீதிபதி வாய்மொழியாக விசாரிக்க வேண்டும் என்றும் நீதியரசர் வி.ஆர். கிருஷ்ணய்யர் 1977 இல் அறிவந்தாண்டம் வழக்கில் எழுதியதைத்தான் எல்லோரும் மேற்கோள் காட்டுகிறார்கள். ஆனால் உங்கள் தடை அதே சட்டத்தின் 11 ஆம் பிரிவு, அதாவது ஒருமுறை தீர்ந்ததை மறுபடி வழக்காடக் கூடாது என்னும் முன் தீர்ப்புத் தடை. முந்தைய வழக்கின் பிராது, எழுவினாக்கள் (நீதிமன்றம் முடிவு செய்ய எடுத்துக்கொண்ட கேள்விகள்), தீர்ப்பு ஆகியவற்றை ஒப்பிட்டுப் பார்க்காமல் அதை முடிவு செய்ய இயலாது. ஆகவே பிராதை மட்டும் பார்த்து முடிவெடுக்க வேண்டிய விதி 11 மனுவில் பொதுவாக அதை எடுத்துக்கொள்ள முடியாது என்று உச்ச நீதிமன்றம் 2021 இல் தெளிவுபடுத்திவிட்டது. இது தெரியாமல் மனுப் போட்டு, அது தள்ளுபடியாகி, அதன்மேல் சீராய்வுக்குப் போய் இரண்டு ஆண்டுகளைத் தாங்களே கழித்த பிரதிவாதிகளை நான் பார்த்திருக்கிறேன்.

உங்களுக்குப் பொருத்தமானது கட்டளை 14 விதி 2. பிராதுக்கு நீங்கள் தரும் பதிலான எதிர்வழக்குரையில் 11 ஆம் பிரிவுத் தடையை எழுதி, 2014 தீர்ப்பின் சான்றிட்ட நகலையும் தாக்கல் செய்து, அதை முதற்கண் எழுவினாவாக எடுத்து விசாரிக்குமாறு கேளுங்கள். ஆள் மாறியது பெரிய பாதுகாப்பு அல்ல. தந்தையிடமிருந்து செட்டில்மெண்ட் மூலம் உரிமை பெற்ற மகனையும் தந்தைக்கு எதிரான தீர்ப்பு கட்டுப்படுத்தும். எதிர்வழக்குரைக்கு 30 நாட்கள், நீதிமன்றம் அனுமதித்தால் 90 நாட்கள் வரை. நாட்களை எண்ணிக்கொள்ளுங்கள். 2019 க்குப் பிறகு அவ்வப்போது ஒரு கேவியட் மனுப் போட்டு வைத்திருந்தால் உங்களைக் கேட்காமல் தடை வழங்க முடியாது என்ற நிம்மதி இருந்திருக்கும். அதன் ஆயுள் 90 நாட்களே. இந்த முறை நீதிமன்றம் உங்களுக்கு அறிவிப்பு அனுப்பியிருப்பதால் அந்தக் கவலை இல்லை.

தண்டனை பற்றிக் கேட்டிருக்கிறீர்கள். பொய் என்று தெரிந்தே தொடுத்த வழக்குக்கு ஈட்டுச் செலவு வழங்கும் 35அ பிரிவு 1922 இல் சேர்க்கப்பட்டபோது உச்ச வரம்பு 1000 ரூபாய். 1976 திருத்தத்தில் அது 3000 ஆயிற்று. உங்களுடையது போன்ற சாதாரண வழக்குகளுக்கு அதன்பின் யாரும் அதைத் தொடவில்லை. 1922 இன் ஆயிரம் ரூபாய்க்கு இந்த மலையில் என்ன வாங்கியிருக்கலாம் என்று உங்கள் தந்தையாரைக் கேட்டுப் பாருங்கள். இருந்தாலும் ‘இது பொய் என வாதிக்குத் தெரியும்’ என்று எதிர்வழக்குரையில் ஆட்சேபித்திருந்தால்தான் அந்த 3000 கூடக் கிடைக்கும். பொதுச் செலவுத் தொகைக்கு இந்த வரம்பு கிடையாது. சேலம் வழக்கறிஞர் சங்கம் தொடுத்த வழக்கில், செலவுத் தொகை என்பது தரப்பினர் உண்மையிலேயே செலவிட்ட நேரம், பயணம், வக்கீல் கட்டணம் ஆகியவற்றைப் பிரதிபலிக்க வேண்டும் என்று 2005 இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. ஆனால் கணக்கு எழுதிக் கொடுப்பவர் இல்லை. பறிக்கூலி நட்டம் முதல் பேருந்துச் சீட்டு வரை ஒரு நோட்டில் எழுதி வாருங்கள். 2014 இன் செலவுத் தொகையை 12 ஆண்டுகளுக்குள் நிறைவேற்றல் மனு மூலம் வசூலிக்கலாம். உங்கள் கெடு 2026 இல் முடிகிறது.

தமிழ்நாட்டில் 1949 முதலே தொல்லை வழக்குகள் தடுப்புச் சட்டம் ஒன்றும் இருக்கிறது. அரசுத் தலைமை வழக்கறிஞர் மனுச் செய்ய, நியாயமான காரணமின்றி வழக்கமாகத் தொல்லை வழக்குகள் தொடுப்பவர் என்று ஒருவரை உயர் நீதிமன்றம் அறிவித்துவிட்டால், அவர் சென்னைக்கு வெளியே மாவட்ட நீதிபதியின் முன் அனுமதி இல்லாமல் வழக்கே போட முடியாது. 1965 இல் உச்ச நீதிமன்றமும் அச்சட்டம் செல்லும் என்றது. ஆனால் இரண்டு வழக்கு, மூன்று வழக்கு என்ற கணக்கில் அந்த நிலையை எட்ட முடியாது.

பதில்: கூடலூர்க்காரன்

வழக்கறிஞர் ஐயா சொன்னவற்றை மறுக்கவில்லை. ஆனால் ‘வம்பு வழக்கு’ என்ற முத்திரையை எடுத்த எடுப்பில் குத்துவதைப் பார்த்தால் கூடலூரில் வாழும் எனக்குச் சற்று அச்சமாக இருக்கிறது.

ஜென்மம் என்னும் பரம்பரை நிலவுடைமையை ஒழிக்கும் 1969 ஆம் ஆண்டுச் சட்டம் எங்கள் ஊருக்கென்றே வந்தது. அதை எதிர்த்த வழக்கில் 1972 இல் உச்ச நீதிமன்றம் வன நிலங்கள் தொடர்பான பகுதியை ஏற்கவில்லை. பிறகு அரசியலமைப்பின் 34 ஆம் திருத்தத்தின் மூலம் அச்சட்டம், சட்டங்களை நீதிமன்றச் சவாலிலிருந்து காப்பதற்கான ஒன்பதாவது அட்டவணையில் சேர்க்கப்பட்டது. அதை எதிர்த்து மறுபடியும் வழக்கு. ‘தீர்ந்துபோன விஷயத்தை மறுபடி கிளறுகிறார்கள்’ என்று அன்று யாரேனும் சொல்லியிருக்கக்கூடும். அந்த வழக்கில்தான் 2007 ஜனவரியில் ஒன்பது நீதிபதிகள் கொண்ட அமர்வு, ஒன்பதாவது அட்டவணையில் போட்டுவிட்டால் மட்டும் எந்தச் சட்டமும் நீதிமன்றப் பரிசீலனைக்கு அப்பாற்பட்டதாகிவிடாது என்று தீர்ப்பளித்தது. வழக்கின் பெயரில், வழக்குத் தொடுத்த ஐ.ஆர். கோயலோ என்பதற்குப் பக்கத்தில் ‘இறந்துவிட்டார்’ என்று அடைப்புக்குறிக்குள் அச்சிட்டிருப்பார்கள். தீர்ப்பு வருவதைப் பார்க்க அவர் இருக்கவில்லை. அதேபோல் கூடலூர்க் காடுகளைப் பற்றி 1995 இல் கோதவர்மன் திருமுல்பாடு போட்ட மனுதான் பின்னாளில் நாடு முழுமைக்குமான வன வழக்காக விரிந்து, பல பத்தாண்டுகள் நடந்தது.

தனியார் பாதை வழக்கை அவற்றோடு ஒப்பிட முடியாது என்பீர்கள். உண்மைதான். நான் சொல்ல வருவது வேறு. கட்டணத்தையும் அபராதத்தையும் பத்து மடங்காக்கினால் பணமுள்ள வம்புக்காரர் அதைக் கட்டிவிட்டுப் போவார். பட்டா இல்லாத ஏழைதான் வாசலிலேயே நின்றுவிடுவான். கேட்டவரிடம் எனக்கு ஒரு கேள்வி உண்டு. 2014 தீர்ப்பை முழுவதும் படித்தீர்களா? வழக்கு எந்தக் காரணத்தால் தள்ளுபடியானது? எதிர்த்தரப்பு இப்போது புதிதாக என்ன சொல்கிறது?

கேட்டவர்

கூடலூர் நண்பர் கேட்டது நல்ல கேள்வி. வெட்கத்துடன் ஒப்புக்கொள்கிறேன்: தீர்ப்பின் கடைசிப் பக்கத்தைத் தவிர நான் எதையும் படித்ததில்லை. நகல் எடுத்து நேற்றிரவு முழுவதும் படித்தேன்.

தள்ளுபடிக்கு நீதிபதி இரண்டு காரணங்கள் கூறியிருக்கிறார். அவர்கள் இருபது ஆண்டுகள் இடைவிடாமல் அந்தப் பாதையைப் பயன்படுத்தியது நிரூபிக்கப்படவில்லை என்பது ஒன்று. ஓடையை ஒட்டி அவர்களுக்கு வேறு வழி இருக்கிறது என்பது இன்னொன்று. புதிய பிராதிலோ, அந்த ஓடை வழி ஆறு ஆண்டுகளுக்கு முன்பு மழையில் சரிந்துபோய்விட்டது என்று ஒரு பத்தி இருக்கிறது. நான் அதை நம்பவில்லை. காலையில் தந்தையாரிடம் கேட்டேன். அவர் தேநீரைக் கீழே வைத்துவிட்டு, ‘சரிந்தது உண்மைதான்’ என்றார்.

இன்னும் சிலவற்றைச் சொல்லியாக வேண்டும். 2014 தீர்ப்புக்குப் பிறகு நாங்கள் பாதையில் படல் வைத்து அடைத்துவிட்டோம். 2018 இல் அந்த வீட்டு மூதாட்டி நோயுற்று, நாற்காலியில் வைத்துத் தூக்கிப் போக வேண்டியிருந்தபோது தந்தையார்தான் படலைத் திறந்துவிட்டார். பிறகு அதை மூடவே இல்லை. ‘பிரதிவாதியே வழியை ஒப்புக்கொண்டு திறந்துவிட்டார்’ என்று அதையும் இப்போது எங்களுக்கு எதிராக எழுதியிருக்கிறார்கள். இரண்டு தோட்டங்களும் தாத்தா காலத்துப் பாகப்பிரிவினையில் பிரிந்தவை. அவர்கள் எங்களுக்குப் பங்காளி முறைதான். இதனால் என் நிலை பலவீனமாகிவிட்டதா?

பதில்: வழக்கறிஞர், உதகை

இல்லை. ஆனால் எதிர்வழக்குரையின் தொனி மாற வேண்டும்.

பிறர் நிலத்தின் மீதான வழி போன்ற உரிமைகளைப் பற்றிய 1882 ஆம் ஆண்டு வசதியுரிமைச் சட்டத்தின் 15 ஆம் பிரிவின்படி இருபது ஆண்டுப் பயன்பாடு இடையூறின்றி, உரிமையாக நடந்திருக்க வேண்டும். அதுவும் வழக்குத் தொடுத்த நாளுக்கு முந்தைய இரண்டு ஆண்டுகளுக்குள் முடிவதாக இருக்க வேண்டும். அடைப்பு தெரிந்தும் ஓராண்டுக்கு மேல் பொறுத்துக்கொண்டிருந்தால் அது இடையூறு. உங்கள் படல் நான்கு ஆண்டுகள் மூடிக் கிடந்தது. 2017 வழக்கு அந்த ஓராண்டு கழிந்த பிறகே வந்தது, அதையும் அவர்கள் நடத்தவில்லை. 2018 இல் உங்கள் தந்தையார் இரக்கப்பட்டுத் திறந்தது அனுமதி. அனுமதியின் பேரில் நடப்பவர் உரிமையாக நடப்பவர் ஆகமாட்டார். ஆகவே அந்தப் பத்தியை எண்ணிக் கலங்க வேண்டாம். திறந்ததை மறுக்கவும் வேண்டாம், காரணத்தோடு ஒப்புக்கொண்டு எழுதுங்கள். பாகப்பிரிவினை என்பதால் 13 ஆம் பிரிவின்படி ‘தேவையால் எழும் வழி’ என்று அவர்கள் வாதிடலாம். அந்தத் தேவை பிரிவினை நடந்த நாளில் இருந்திருக்க வேண்டும். அன்று ஓடை வழி இருந்தது.

சட்டப்படி உங்கள் பக்கம் வலுவானது. அதே சமயம், ஓடை வழி உண்மையிலேயே சரிந்திருந்தால் இதைப் பொய் என்று தெரிந்தே தொடுத்த வழக்கு என்று எழுதுவது சரியல்ல. 35அ ஆட்சேபணையை விட்டுவிடுங்கள். அந்த வார்த்தையைப் போட்டுவிட்டு, குறுக்கு விசாரணையில் சரிவை ஒப்புக்கொள்ள நேர்ந்தால் மற்ற சாட்சியத்தின் மீதும் நிழல் விழும்.

பதில்: ஓய்வுபெற்ற நீதிமன்ற ஊழியர், குன்னூர்

பங்காளிகள் என்று முதலிலேயே சொல்லியிருந்தால் நான் வேறு மாதிரி எழுதியிருப்பேன். உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 89 ஆம் பிரிவின் கீழ் சமரசத்துக்கோ மக்கள் நீதிமன்றத்துக்கோ அனுப்பச் சொல்லிக் கேளுங்கள். மக்கள் நீதிமன்றத்தில் முடிந்தால் அதன்மேல் மேல்முறையீடு கிடையாது. வாதி கட்டிய கட்டணமும் திரும்பக் கிடைக்கும். தரப்பினர் தாங்களாகவே வெளியில் பேசி முடித்துக்கொண்டாலும் கட்டணம் திரும்ப உண்டு என்று, சென்னை உயர் நீதிமன்ற நிர்வாகமே மேல்முறையீடு செய்த ஒரு வழக்கில் 2021 இல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. எதிர்த்தரப்பு வக்கீலிடம் இதை நினைவூட்டுங்கள். தொகை சிறிதென்றாலும் பேச்சைத் தொடங்க அது ஒரு சாக்கு.

கேட்டவர்

ஞாயிற்றுக்கிழமை தந்தையாரும் அந்த மகனும் ஓடை வரை இறங்கிப் போய்ப் பார்த்துவிட்டு வந்தார்கள். நான் கூடப் போகவில்லை. போக வேண்டாம் என்று தந்தையாரே சொல்லிவிட்டார். மேல் விளிம்பில் அல்லாமல் கீழ் வரப்பை ஒட்டி மூன்றடி வழி விடலாம், ஆனால் அது உரிமை அல்ல, எங்கள் அனுமதி என்று எழுத வேண்டும் என்பது அவருடைய நிபந்தனை. அனுமதி என்றால் நாளைக்கே நிறுத்திவிடுவீர்கள் என்பது அவர்களுடைய பயம். பேச்சு அங்கே நிற்கிறது. 2014 இன் செலவுத் தொகைக்கு நிறைவேற்றல் மனுப் போட வேண்டாம் என்றும் தந்தையார் சொல்லிவிட்டார். எனக்கு அதில் முழு உடன்பாடு இல்லை.

பதில்: வழக்கறிஞர், உதகை

‘அனுமதி’, ‘உரிமை’ என்ற இரண்டு சொற்களையும் விட்டுவிட்டு, எந்தப் பயனுக்கு, எந்த நேரத்தில், யார் யார், எந்தச் சூழ்நிலையில் அந்த வழி முடிவுக்கு வரும் என்பதை எழுதுங்கள். எடுத்துக்காட்டாக, ஓடை வழி செப்பனிடப்படும் வரை, கால்நடையாகவும் கொழுந்து மூட்டை சுமந்தும் செல்வதற்கு என்று எழுதலாம். மேல் விளிம்புப் பாதை மீது தங்களுக்கோ தங்கள் வாரிசுகளுக்கோ எந்தக் கோரிக்கையும் இல்லை என்று அவர்கள் தனிப் பத்தியில் ஒப்புக்கொள்ள வேண்டும். புல எண், உட்பிரிவு எண், சர்வேயர் வரைந்த படம் மூன்றும் இணைப்பில் இருக்கட்டும். நிறைவேற்றல் மனுவை விட்டுக்கொடுப்பதானால் அதையும் அதே உடன்படிக்கையில் எழுதி வாங்கிக்கொள்ளுங்கள். சமரசம் பேசுகிறோம் என்று எதிர்வழக்குரைக் கெடுவைத் தவறவிட்டுவிடாதீர்கள். அதை முதலில் தாக்கல் செய்துவிடுங்கள்.